குழந்தைக் குரல் இல்லை என்று திருப்பி அனுப்பப்பட்ட சிறுமி: மிசோரா ஹிபாரியின் பாட்டும் படமும்

கூத்துப்பித்தன்:

எல்லோருக்கும் வணக்கம். பழைய ஜப்பானியப் படங்கள் என்றாலே குரோசாவா, ஓசு என்று இயக்குநர்களோடு நின்றுவிடுகிறோம். இந்த முறை ஒரு பாடகியைப் பற்றிப் பேசலாம். மிசோரா ஹிபாரி. நாலைந்து வருடமாக இவருடைய பாட்டுகளையும் கிடைக்கிற படங்களையும் தேடித் தேடிப் பார்த்துவருகிறேன். மனதில் தங்கிப்போன ஒரு எண்ணத்தை இங்கே வைக்கிறேன். மாற்றுக் கருத்து இருந்தால் தாராளமாகச் சொல்லுங்கள்.

போர் முடிந்த மறுவருடம், 1946. ஜப்பானின் பொது ஒலிபரப்பு நிறுவனமான என்.எச்.கே.யின் வானொலி பொதுமக்களை அழைத்துப் பாடவைக்கும் நிகழ்ச்சியைத் தொடங்கியிருந்தது. யோகோஹாமாவின் இசோகோ வட்டாரத்தில் தகிகாஷிரா என்ற பகுதியில் மீன் கடை வைத்திருந்த குடும்பத்தின் மூத்த மகள் கதோ கசுயே. வயது ஒன்பது. அம்மா கிமியே கையைப் பிடித்துக் கூட்டிப்போனார். அப்போது நாடே முணுமுணுத்துக்கொண்டிருந்த 'ஆப்பிள் பாட்டு' என்ற பாட்டைத்தான் சிறுமி பாடினாள். நடுவர்கள் தேர்ச்சி கொடுக்கவில்லை. சுருதி பிசகவில்லை, தாளம் தப்பவில்லை. பாட்டு குழந்தை பாடுகிற மாதிரி இல்லை, அதுதான் அவர்களுக்குச் சங்கடம்.

அதற்கு மூன்று வருடம் முன்பு, 1943இல், அப்பா கடற்படைக்குக் கிளம்பியபோது நடந்த வழியனுப்பு விழாவில் இதே பெண் ஒரு தாயின் துயரப் பாட்டைப் பாடி வந்திருந்தவர்களை அழவைத்திருக்கிறாள். ஆறு வயதில். ஆக அந்தக் குரல் தொடக்கத்திலிருந்தே அப்படித்தான்.

நான் சொல்லவருவது இதுதான். வானொலியில் அந்தக் குரலுக்கு இடம் இல்லை. பெட்டிக்குள்ளிருந்து பெரியவர் குரல் வருகிறது, பாடுவது குழந்தை என்கிறார்கள், கேட்பவருக்கு ஒட்டவில்லை. திரையில் அதே குரல் ஒரு அநாதைச் சிறுமியின் வாயிலிருந்து வந்தபோது எல்லாம் சரியாகப் பொருந்திவிட்டது. குண்டுவீச்சில் வீடிழந்து, பெற்றோரை இழந்து, தெருவில் சப்பாத்துத் துடைத்துப் பிழைத்த பிள்ளைகள் அன்று ஜப்பானின் ஒவ்வொரு நகரத்திலும் இருந்தார்கள். அந்தப் பிள்ளைகள் குழந்தைக் குரலிலா பேசியிருப்பார்கள்? ஹிபாரியின் குரலுக்கு ஒரு உடம்பைக் கொடுத்தது சினிமாதான். "பாடகி, போகிற போக்கில் நடிக்கவும் செய்தார்" என்று எழுதுகிறவர்கள் மேல் எனக்கு வருத்தம் உண்டு.

புதுமொட்டு:

அண்ணா, ஆரம்பமே அருமை. நான் ஜப்பானிய மொழி படித்துக்கொண்டிருக்கிறேன், எங்கள் ஆசிரியை இவர் பெயரைச் சொல்லியிருக்கிறார். மிசோரா என்றால் அழகிய வானம், ஹிபாரி என்றால் வானம்பாடி. மேடைப்பெயர்தான் என்றாலும் என்ன பொருத்தம்!

ஒரு சந்தேகம். படத்தில் மற்ற நடிகைகளுக்கும் பின்னணி பாடினாரா? இல்லை, தனக்கு மட்டும்தானா?

கூத்துப்பித்தன்:

நல்ல கேள்வி தம்பி. நமக்குப் பின்னணிப் பாடகர் என்ற ஏற்பாடு பழகிவிட்டது. அங்கே வழி வேறு. பாட்டு பிரபலமானால் அந்தப் பாட்டைச் சுற்றி ஒரு படம் எடுப்பார்கள், படத்தின் பெயரும் பாட்டின் பெயரும் ஒன்றாகவே இருக்கும், பாடினவரே நடிப்பார். 'கயோ எய்கா' என்பார்கள், அதாவது பாட்டுப்படம். இசைத்தட்டு படத்தை விற்கும், படம் இசைத்தட்டை விற்கும்.

ஹிபாரி திரையில் முதலில் வந்தது 1949 மார்ச்சில். கொலம்பியா நிறுவனத்தில் முதல் இசைத்தட்டு அதே வருடக் கோடையில், அதுவும் ஒரு படத்தில் வந்த பாட்டுதான். தேதிகளைக் கவனியுங்கள், படம் முந்திக்கொண்டது.

அந்த வருடம் அக்டோபரில் ஷோசிக்கு நிறுவனத்தின் 'கனாஷிகி குசிபுவே' வந்தது. சோகமான சீழ்க்கை என்று பொருள். இயக்கியவர் இயேகி மியோஜி. கதை யோகோஹாமாவில் நடக்கிறது. அண்ணன் போருக்குப் போகுமுன் ஒரு பாட்டைக் கட்டித் தங்கைக்குக் கற்றுக்கொடுத்திருக்கிறான். திரும்பிவந்தால் தங்கை எங்கே என்று தெரியாது, தங்கைக்கும் அண்ணன் எங்கே என்று தெரியாது. இருவரிடமும் மிச்சம் இருப்பது அந்தப் பாட்டு மட்டும். தங்கையாக ஹிபாரி.

அதில் ஒரு காட்சியை எத்தனை முறை பார்த்திருப்பேன் என்று எனக்கே கணக்கில்லை. பன்னிரண்டு வயதுச் சிறுமி, தலையில் உயரமான கறுப்புத் தொப்பி, வால் வைத்த கறுப்புக் கோட்டு, கையில் தடி. பெரிய மனிதர்கள் விருந்துக்கு உடுத்தும் உடையைச் சின்ன உடம்புக்கு அளவெடுத்துத் தைத்துப் போட்டிருக்கிறார்கள். தொப்பி விளிம்புக்குக் கீழே அந்தக் கண்களைப் பாருங்கள். சிரிக்கிறாள், ஆனால் பார்வை எதிரில் இருப்பவர்களை அளந்துகொண்டே இருக்கிறது. மேடையில் நிற்கும் குழந்தையிடம் பெரியவர்கள் எதிர்பார்க்கும் கெஞ்சல் அந்த முகத்தில் துளிக்கூட இல்லை. பாடும்போது தோளைச் சின்னதாக ஆட்டுவாள். அந்த அசைவும் பெரியவர்களுடையது.

இசைத்தட்டு நாலரை லட்சம் விற்றது. அதுவரை எந்த இசைத்தட்டும் அங்கே அவ்வளவு விற்றதில்லை.

எல்லோரும் கொண்டாடினார்கள் என்று நினைத்துவிடாதீர்கள். பெரியவர் மாதிரி பாடி ஆடும் குழந்தை அருவருப்பாக இருக்கிறது என்று பத்திரிகையில் கடுமையாக எழுதியவர்களில் கவிஞர் சாத்தோ ஹாசிரோவும் ஒருவர். வானொலியில் அந்தப் பெண் பாடித் தோற்ற 'ஆப்பிள் பாட்டு' இவர் எழுதியது!

இரவுக்காட்சி:

கூத்துப்பித்தன் ஐயா, உங்கள் ஆர்வத்துக்கு வணக்கம். ஆனால் ஒரு சினிமாக்காரனாக எனக்கு உடன்பாடில்லாத இடம் இருக்கிறது, மனம்விட்டுச் சொல்கிறேன்.

அவர் நடித்தவை 150 படங்களுக்கு மேல். அவற்றில் இன்று உலகத் திரைப்பட விழாக்களில் மறுபடி திரையிடப்படுபவை எத்தனை? ஜப்பானிய சினிமாவின் பொற்காலம் அதே 1950கள். குரோசாவா, ஓசு, மிசோகுச்சி மூவருமே முழு வேகத்தில் வேலை செய்த வருடங்கள். மூவரில் ஒருவர்கூட இவரைத் தங்கள் படத்தில் நடிக்கவைக்கவில்லை. வாராவாரம் தியேட்டரை நிரப்புவதற்காகச் சில வாரங்களில் எடுத்துமுடித்த படங்கள்தான் அவர் பட்டியலில் பெரும்பாலானவை. பாட்டு நிற்கிறது, படங்கள் நிற்கவில்லை. அப்படியென்றால் அவரை முதலில் பாடகி என்று சொல்வதில் என்ன தப்பு?

கூத்துப்பித்தன்:

இரவுக்காட்சி, நியாயமான கேள்வி. அந்தப் படங்கள் எல்லாமே கலைப்படைப்பு என்று நான் சாதிக்கப்போவதில்லை. பல படங்களில் கதை மெல்லிசாகத்தான் இருக்கும். ஆனால் அன்றைக்கு தியேட்டர் என்றால் என்ன என்பதை யோசித்துப் பாருங்கள்.

1958இல் ஜப்பானில் விற்ற சினிமா டிக்கெட்டுகள் 112 கோடிக்கு மேல். மக்கள்தொகை சுமார் ஒன்பது கோடி. கைக்குழந்தை, கிழவர் எல்லோரையும் சேர்த்தே தலைக்கு வருடத்துக்குப் பன்னிரண்டு படம். அதுதான் உச்சம், அப்புறம் அந்த எண்ணிக்கை திரும்ப வரவே இல்லை. தொலைக்காட்சி வீட்டுக்கு வீடு வராத காலம். மலைக் கிராமத்துக்காரனும் மீன்பிடித் துறைக்காரனும் ஹிபாரியின் முகத்தைப் பார்த்த இடம் தியேட்டர்.

அந்த 1958 ஆகஸ்டில்தான் அவர் தோயெய் நிறுவனத்தோடு தனி ஒப்பந்தம் போட்டார். தோயெய் என்றால் வாள்சண்டைப் படங்கள், சரித்திரப் படங்கள். அங்கே அவருக்குக் கிடைத்த வேடங்களைப் பாருங்கள். துப்பறியும் பெண், ஆண்வேடத்தில் திரியும் இளவரசி, வாய்த்துடுக்கு நிறைந்த கெய்ஷா, நேரடியாக ஆண் பாத்திரங்களும்கூட. 1960இல் சவாஷிமா தாதாஷி இயக்கத்தில் நாட்டுப்புறக் கதைகளின் புகழ்பெற்ற சண்டியர் மோரி நோ இஷிமாட்சுவாக ஹிபாரியே வந்தார். காலை அகட்டி உட்காரும் தோரணையும், கீழ்ஸ்தாயியில் இறங்கி அதட்டும் வசனமும் இன்னொரு நடிகைக்கு வராது. ஏனென்றால் அந்தக் கீழ்க்குரல் ஒன்பது வயதிலிருந்தே அவரிடம் இருந்தது! குழந்தை மாதிரி இல்லை என்று சொல்லப்பட்ட குரல் அநாதைச் சிறுமிக்குப் பொருந்தியது, வளர்ந்த பிறகு "பெண் மாதிரி இல்லாத" வேடங்களுக்கும் பொருந்தியது. எந்தப் பெரிய இயக்குநரும் இந்த வேடங்களை அவருக்காக யோசித்திருக்கமாட்டார். வாராவாரம் படம் தேவைப்பட்ட ஒரு கம்பெனிதான் யோசித்தது.

தரமான கதை வேண்டும் என்றால் 1954இல் வந்த 'இசு நடனக்காரி' இருக்கிறது. கவாபாட்டா யாசுனாரியின் கதை, இயக்கம் நோமுரா யோஷிதாரோ. ஊர் ஊராகப் போகும் கூத்துக் குடும்பத்துப் பெண்ணாக ஹிபாரி. பதின்மூன்று வயதிலேயே ஹவாய் வரை போய் மேடை ஏறிவிட்டுத் திரும்பியவர், வழியில் சந்தித்த மாணவனை ஏக்கத்தோடு பார்க்கும் அந்தப் பெண்ணாக எவ்வளவு அடங்கி நடித்திருக்கிறார் என்று பாருங்கள்.

துறைமுகத்தான்:

நான் யோகோஹாமாவில் ஏழு வருடமாக வேலை பார்க்கிறேன். இழையைப் படித்துவிட்டு சும்மா இருக்க முடியவில்லை.

சகுராகிசோ ரயில் நிலையத்தில் இறங்கி, கடலைப் பார்த்துப் போகாமல் எதிர்ப்பக்கம் போனால் நோகே என்ற பகுதி. சின்னச் சின்னக் குடிக்கடைகள், சுட்ட கோழிக் கடைகள், இரண்டு பேர் உரசிக்கொண்டு போகிற சந்துகள். போருக்குப் பிறகு கள்ளச்சந்தை நடந்த இடம் என்று ஊர்க்காரர்கள் சொல்வார்கள். அங்கே தெருவோரத்தில் ஹிபாரியின் வெண்கலச் சிலை இருக்கிறது. நீங்கள் சொன்ன அதே உயரத் தொப்பி, வால்கோட்டுக் கோலத்தில். ஊரே கொண்டாடும் பெரிய பாடகிக்குப் பட்டு கிமோனோ உடுத்திச் சிலை வைத்திருக்கலாம். இந்த ஊர் அந்தப் பன்னிரண்டு வயதுச் சிறுமியைத்தான் வைத்துக்கொண்டது. நோகேயில் இருந்த தியேட்டர் ஒன்றில்தான் அவர் சின்ன வயதில் மேடையேறிப் பாடிப் பெயர் வாங்கினார்.

அதே நோகேயில் ஒரு 'ஸ்நாக்' கடைக்கு அலுவலக நண்பர் கூட்டிப்போனார். ஸ்நாக் என்றால் தின்பண்டம் விற்கும் இடம் அல்ல. ஏழெட்டு இருக்கை, பின்னால் ஒரு 'மாமா' (கடைக்கார அம்மாவை அப்படித்தான் கூப்பிடுவார்கள்), ஒரு கரோக்கே பெட்டி, அவ்வளவுதான். ஓரத்தில் எழுபது தாண்டிய ஒரு பெரியவர், துறைமுகத்தில் சரக்கு ஏற்றி இறக்கும் வேலை பார்த்து ஓய்வு பெற்றவராம். அவர் 'கனாஷீ சகே' பாட்டைப் போடச் சொன்னார். பெயருக்குச் சோகமான மது என்று பொருள். பாட்டு நடுவே இசை மட்டும் ஓடும் இடத்தில் அவர் பாடாமல் தாழ்ந்த குரலில் பேச ஆரம்பித்தார், யாரோ எதிரில் உட்கார்ந்திருப்பதுபோல. கடையில் இருந்த ஆறு பேரும் கோப்பையைக் கீழே வைத்துவிட்டார்கள். மாமா கைத்துண்டை மடித்தபடி அவரோடு சேர்ந்து உதட்டை மட்டும் அசைத்தார். எனக்கு அன்றைக்கு ஜப்பானிய மொழி பாதிதான் புரியும். இருந்தும் தொண்டை அடைத்துவிட்டது.

வெள்ளிக்கொலுசு:

துறைமுகத்தான் தம்பி, நீங்கள் பார்த்த அந்த இடத்தைப் பற்றித்தான் நான் எழுத நினைத்தேன்.

நான் பாட்டு சொல்லிக்கொடுப்பவள். ஹிபாரியிடம் என்னை நிறுத்தியது அந்தப் பேச்சுப் பகுதிதான். 'கனாஷீ சகே'யிலும் இருக்கிறது, 1952இல் வந்த 'ரிங்கோ ஒய்வாகே'யிலும் இருக்கிறது. இரண்டாவதில் ஆப்பிள் தோட்டத்துப் பெண் ஒருத்தி, செத்துப்போன அம்மாவை நினைத்து வடக்கு வட்டார வழக்கில் பேசுவாள். முதலில் அது வானொலி நாடகத்துக்காக எழுதிய பாட்டு, அப்புறம் படமும் வந்தது, இசைத்தட்டு ஏழு லட்சம் போனது. பாடிக்கொண்டே இருந்தவர் சட்டென்று பேச ஆரம்பிக்கும்போது சாதாரணப் பாடகிக்குக் குரல் மாறிவிடும், "இப்போது வசனம்" என்று தனியாகத் தெரியும். ஹிபாரியிடம் அந்தத் தையல் தெரியாது. பேச்சு எங்கே முடிந்து ராகம் எங்கே தொடங்கியது என்று கண்டுபிடிக்க நான் பலமுறை திருப்பிப் போட்டுக் கேட்டிருக்கிறேன். கேமரா முன்னால் நின்று நின்று பழகியதால் வந்தது என்றே நம்புகிறேன். இந்த விஷயத்தில் நான் கூத்துப்பித்தன் கட்சி.

இன்னொன்று, கீழ்ஸ்தாயியில் நெஞ்சிலிருந்து வரும் கனமான குரல் மேலே போகும்போது திடீரென்று மெல்லிய கள்ளக்குரலுக்குத் தாவும். அந்தத் தாவலைப் பலர் மறைப்பார்கள், இவர் அதையே அழகாக்கிவிட்டார். துக்கம் தொண்டையில் முட்டி உடைவது மாதிரி இருக்கும்.

'என்கா அரசி' (என்கா என்பது உருக்கமான ஜப்பானியப் பாட்டு வகை) என்று மட்டும் இவரைச் சொல்வது எனக்குப் பிடிப்பதில்லை. அவர் தொடங்கியபோது என்கா என்ற வகைப்பெயரே இப்போதைய அர்த்தத்தில் புழக்கத்தில் இல்லை, அது 1960களின் கடைசியில் நிலைபெற்றது. இவர் தொடக்கத்தில் பாடியது பூகி-வூகி. அப்போதைய நட்சத்திரம் காசகி ஷிசுகோவைப் போலவே பாடுவதால் 'குட்டிக் காசகி' என்றார்கள். அப்புறம் மாம்போ, ஜாஸ். 1965இல் அமெரிக்கப் பாடகர் நாட் கிங் கோலின் பாட்டுகளை மட்டும் வைத்து ஒரு முழு இசைத்தட்டு போட்டார். ஆங்கிலம் படித்தவர் அல்ல, காதால் கேட்டே பிடித்துக்கொண்டவர். 1967இல் மின்கிடார் குழுவோடு குட்டைப்பாவாடை அணிந்து பாடினார். இத்தனையும் ஒரே தொண்டை.

புதுமொட்டு:

வெள்ளிக்கொலுசு அக்கா, நீங்கள் எழுதியதைப் படித்துவிட்டு 'ரிங்கோ ஒய்வாகே' இப்போதுதான் கேட்டேன். பேசும் இடத்தில் என்னால் வகுப்பில் கற்ற மொழியை வைத்துப் பாதியைப் பிடிக்க முடியவில்லை, அவ்வளவு வட்டார வழக்கு. ஆனால் அழுகை வந்துவிட்டது.

மூன்று பெண்கள் சேர்ந்து நடித்த வண்ணப்படம் ஒன்று பற்றி எங்கள் ஆசிரியை சொன்னார். அதுவும் இவர்தானா?

கூத்துப்பித்தன்:

ஆமாம் தம்பி. தோஹோ நிறுவனம் 1955இல் எடுத்த 'ஜான்கென் முசுமே'. ஹிபாரி, எரி சியெமி, யுகிமுரா இசுமி. மூவரும் 1937இல் பிறந்தவர்கள், மூவருமே சின்ன வயதில் பாட வந்து குடும்பத்தைத் தூக்கி நிறுத்தியவர்கள். ஒரே வயதுத் தோழிகளோடு அவர் சிரித்து விளையாடும் படத்தைப் பார்க்கும்போது மனதுக்கு இதமாக இருக்கும். அது ஓடிய ஓட்டத்தில் இன்னும் இரண்டு படம் அடுத்தடுத்த வருடங்களில், அப்புறம் 1964இல் ஒன்று. ஒரு துணைச்செய்தி: ஹிபாரியோடு தோயெய் படங்களில் இளம் நாயகனாக நடித்துவந்த தகாகுரா கென்னை 1959இல் எரி சியெமி மணந்துகொண்டார்.

இரவுக்காட்சி:

தோயெய் படங்களின் ஆண்வேடம் பற்றி நீங்கள் சொன்னதை யோசித்துப்பார்த்தேன். அந்தக் கோணத்தில் நான் பார்த்ததில்லை. ஒன்றிரண்டு படங்களை மறுபடி பார்த்துவிட்டு வருகிறேன்.

ஆனால் வாழ்க்கையின் இருண்ட பக்கத்தையும் பேசினால்தான் முழுமை. 1957 ஜனவரி 13, அசாகுசாவில் கொகுசாய் தியேட்டர். மேடைக்குப் பக்கத்தில் நின்றிருந்த ஹிபாரியின் முகத்தில் அமிலம் வீசப்பட்டது. வீசியவர் அவருடைய விசிறி, அவருக்குக் கிட்டத்தட்ட அதே வயதுப் பெண். நல்லவேளையாகத் தழும்பு பெரிதாக நிற்கவில்லை, சில வாரங்களில் மேடைக்குத் திரும்பிவிட்டார். பத்தொன்பது வயதுதான்.

அப்புறம் அந்த உலகத்தின் நிழல் தொடர்புகள். அன்று ஊர் ஊராகப் பாட்டுக் கச்சேரி நடத்துவதே பெரும்பாலும் அடியாள் கும்பல்களின் கையில் இருந்தது. கோபே நகரின் யாமாகுச்சி-குமி என்ற கும்பலின் தலைவர் தாவோகா கசுவோ ஹிபாரிக்குக் காப்பாளர் மாதிரியே இருந்தார், அவர் நடத்திய நிறுவனம்தான் கச்சேரிகளை ஏற்பாடு செய்தது. 1973இல் கும்பலோடு தொடர்புள்ள தம்பி வழக்கில் சிக்கியபோது அதற்கெல்லாம் சேர்த்து விலை கொடுக்க வேண்டியிருந்தது. பல ஊர்களின் பொது அரங்குகள் இடம் தர மறுத்தன. வருடக் கடைசி இரவில் என்.எச்.கே. நடத்தும் கோஹாகு பாட்டு நிகழ்ச்சியில் 1963 முதல் 1972 வரை பத்து வருடம் தொடர்ந்து பெண்கள் அணியின் கடைசிப் பாட்டு இவருடையது. அந்த இடமும் போனது.

வெள்ளிக்கொலுசு:

அந்தச் சமயத்தில் தம்பியை விட்டு விலகிவிட்டதாக ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் எல்லாம் திரும்பக் கிடைத்திருக்கும். அவர் சொல்லவில்லை. சரியா தப்பா என்று தீர்ப்பு சொல்ல நான் யார். மீன் கடையிலிருந்து கிளம்பி அம்மாவும் பிள்ளைகளும் ஒன்றாகவே நகர்ந்த குடும்பம் அது. குடும்பத்தை வெட்டிவிட அந்தப் பெண்ணுக்கு மனம் வரவில்லை. நடிகரும் பாடகருமான கொபயாஷி அகிராவோடு 1962இல் நடந்த திருமணம்கூட இரண்டு வருடத்தில் முடிந்துபோனது. 1981இல் அம்மா, மறுவருடம் தோழி சியெமி, அதற்கு மறுவருடம் ஒரு தம்பி, 1986இல் இன்னொரு தம்பி. வரிசையாகப் போய்விட்டார்கள்.

புதுமொட்டு:

யாமாகுச்சி மொமோயே பற்றியும் யாராவது எழுதுவீர்களா? அவரும் பாடகி, நடிகை. அவரும் 'இசு நடனக்காரி'யில் நடித்திருக்கிறார்.

கூத்துப்பித்தன்:

அந்தக் கதையை வைத்து வந்த படங்களில் சிலவற்றை வரிசையாகப் பார்ப்பதே ஒரு பாடம். 1933இல் மௌனப்படமாகத் தனாகா கினுயோ, 1954இல் ஹிபாரி, 1963இல் யோஷினாகா சாயுரி, 1974இல் மொமோயே. பேசாத படத்தில் நடித்த தனாகாவை விட்டால் மற்ற மூவரும் இசைத்தட்டு விற்றவர்கள். தலைமுறைக்கு ஒரு பாடகி அந்த மலைப்பாதையில் நடந்திருக்கிறார்.

மொமோயே ஹிபாரிக்கு நேர் எதிர் வழியில் போனவர். பதினாலு வயதில் 1973இல் பாட வந்தார், நாயகன் மியூரா தொமொகசுவோடு ஜோடியாகப் பல படங்கள் நடித்தார், அவரையே கல்யாணம் செய்துகொள்வதாகச் சொல்லி 1980 அக்டோபரில் புதோகான் அரங்கில் கடைசிக் கச்சேரி நடத்தினார். பாட்டு முடிந்ததும் வெள்ளை மைக்கைத் தரையில் வைத்துவிட்டுப் போனார். 21 வயது. அப்புறம் திரும்பிவரவே இல்லை. அந்த முடிவின் மேல் எனக்கு மரியாதை உண்டு. ஆனால் ஹிபாரிக்கு அப்படி ஒரு கதவு இருந்ததா என்று யோசிக்கிறேன். எட்டு வயது முதல் மேடையைத் தவிர வேறு வீடு தெரியாதவர். படங்கள் குறைய ஆரம்பித்த 1964இலேயே ஷின்ஜுகு கோமா தியேட்டரில் தன் தலைமையில் நாடகமும் பாட்டும் சேர்ந்த நிகழ்ச்சியைத் தொடங்கிவிட்டார். தியேட்டர்கள் மூடினாலும் நடிப்பை விடவில்லை, இடத்தை மட்டும் மாற்றிக்கொண்டார்.

துறைமுகத்தான்:

தோக்கியோ டோம் கச்சேரி பற்றி யாரும் எழுதவில்லையே. 1987 ஏப்ரலில் ஃபுகுவோகாவில் மருத்துவமனையில் சேர்ந்தார். இரண்டு தொடை எலும்புகளின் தலைப்பகுதியும் ரத்த ஓட்டம் இல்லாமல் சிதைந்துகொண்டிருந்தது, கல்லீரலும் கெட்டிருந்தது. அடுத்த வருடம் ஏப்ரல் 11, அப்போதுதான் திறந்திருந்த தோக்கியோ டோம். ஐம்பதாயிரம் பேர் முன்னால் 39 பாட்டு. வெளியே ஆம்புலன்ஸ் நின்றது. காணொளி இருக்கிறது, கட்டாயம் பாருங்கள். கடைசியில் நூறு மீட்டர் நீளப் பாதையில் நடந்து வெளியேறுவார். ஒவ்வொரு அடியையும் எண்ணி வைக்கிறார் என்று நோயைப் பற்றித் தெரிந்தால்தான் தெரியும். தெரியாதவர்களுக்கு அது ராணி நடந்துபோகிற நடை. கையை ஆட்டிக்கொண்டே, முகத்தில் சிரிப்பு குறையாமல்.

வெள்ளிக்கொலுசு:

அந்த நூறு மீட்டரில் வந்தது நடிகை. பாடகிக்கு மட்டும் அது முடிந்திருக்காது.

கடைசிப் பெரும் பாட்டு, ஆற்றின் ஓட்டம் போல என்று பொருள்படும் 'கவா நோ நகாரே நோ யோ நி', 1989 ஜனவரி 11இல் வந்தது. அதற்கு நாலு நாள் முன்புதான் சக்கரவர்த்தி இறந்து ஷோவா யுகம் முடிந்திருந்தது. எழுதியது அகிமொட்டோ யாசுஷி, இசை மிதாகே அகிரா. அடுத்த மாதம் கொகுராவில் கடைசி மேடை. ஜூன் 24 அன்று இறந்தபோது 52 வயது. ஜப்பான் அரசின் மக்கள் மதிப்பு விருது அதன் பிறகு அளிக்கப்பட்டது. அதைப் பெற்ற முதல் பெண் அவர்.

இரவுக்காட்சி:

சொன்னபடி இரண்டு படம் பார்த்துவிட்டு வந்தேன். 'இஷிமாட்சு'வும் 'கனாஷிகி குசிபுவே'யும். கூத்துப்பித்தன் ஐயா, படங்கள் நிற்கவில்லை என்று எழுதியதைத் திரும்பப் பெறுகிறேன். முதல் படம் சினிமாவாகப் பலவீனமானது என்பதில் மாற்றமில்லை, ஆனால் அவர் வரும் காட்சியில் வேறு யாரையும் பார்க்க முடியவில்லை.

2019இல் என்.எச்.கே. செயற்கை நுண்ணறிவை வைத்து அவர் குரலில் புதிய பாட்டு ஒன்றை உருவாக்கி, அவர் உருவத்தையும் திரையில் நிறுத்தியதே, அதைப் பற்றி என்ன நினைக்கிறீர்கள்? யமாஹாவின் குரல் தொழில்நுட்பம். அதிலும் நடுவில் பேச்சுப் பகுதி வைத்திருந்தார்கள்.

கூத்துப்பித்தன்:

பார்த்தேன். நேரில் கேட்ட முதியவர்கள் அழுததையும் பார்த்தேன், அந்த அழுகையைக் குறை சொல்லமாட்டேன். குரல் கிட்டத்தட்ட அவர்தான். ஆனால் அந்த உருவம் கையை உயர்த்தியபோது எனக்கு விட்டுப்போயிற்று. தொப்பி விளிம்புக்குக் கீழே எதிரில் இருப்பவரை அளந்த அந்தப் பார்வை அதில் இல்லை. குரலை மட்டும் திருப்பிக் கொண்டுவந்தார்கள். 1946இல் வானொலிக்காரர்கள் கேட்டதும் குரலை மட்டும்தானே.

துறைமுகத்தான்:

நேற்று ஞாயிற்றுக்கிழமை. அடுத்த வீட்டுப் பாட்டி எண்பது கடந்தவர், தனியாக இருக்கிறார், வாரம் ஒருமுறை எங்கள் வீட்டுக்கு வந்து தேநீர் குடிப்பார். இந்த இழையைப் பற்றிச் சொல்லி, 'இஷிமாட்சு'வைப் போட்டுக் காட்டினேன். சின்ன வயதில் அக்காவோடு தோயெய் தியேட்டரில் பார்த்ததாம். வீட்டுக்கு வந்ததும் இருவரும் துண்டைத் தலையில் கட்டிக்கொண்டு துடைப்பத்தை வாளாக வைத்து விளையாடுவார்களாம். யார் ஹிபாரி என்பதில்தான் தினமும் சண்டை.

படம் ஓடும்போது பாட்டி கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். அப்புறம் திரையில் ஹிபாரி காலை அகட்டி உட்கார்ந்து அதட்ட வாயெடுப்பதற்கு முன்பே, நாற்காலியில் நிமிர்ந்து, அந்த வசனத்தை அதே கீழ்க்குரலில் பாட்டி சொன்னார். என் மகளுக்கு ஆறு வயது, தரையில் படம் வரைந்துகொண்டிருந்தவள் பென்சிலைப் போட்டுவிட்டு எழுந்து பாட்டி பக்கத்தில் போய் நின்றுகொண்டாள். "இன்னொரு தடவை" என்றாள்.

பாட்டி இன்னொரு தடவை சொன்னார்.